நாள்கதிர் எடுத்த டிவிக்காரி

என்னைத் தெருவில் பார்க்கிறவர்கள் முதலில் திட்டுவார்கள். அப்புறம்தான் வணக்கம் சொல்வார்கள். வாராவாரம் டிவியில் கொடுமைக்கார மாமியாராகவும் கருமி முதலாளியம்மாவாகவும் வந்து சிரிக்க வைத்தவளுக்கு வேறென்ன கிடைக்கும்? ஒருமுறை வேளாங்கண்ணி பேருந்து நிலையத்தில் ஒரு அம்மாள் என் கையைப் பிடித்து நிறுத்திவிட்டார்.

"ஏங்க, அந்த மருமவளுக்கு ஒரு வாய் காப்பித்தண்ணி குடுத்தா கொறஞ்சா போயிருவீங்க?"

"அது நடிப்புங்கம்மா."

"நடிப்புன்னா என்ன? நடிப்புலயாவது குடுக்க வேண்டியதுதானே?"

நான் கோயில் பக்கம் நடையைக் கட்டினேன். அவரும் விடவில்லை. நான் மாதா கோயிலில் மெழுகுவத்தி ஏற்றி முடிக்கும்வரை பின்னாலேயே நின்று பார்த்துக்கொண்டிருந்தார். அதிலாவது மிச்சம் பிடிக்காமல் இருக்கிறேனா என்று பார்த்திருப்பார்.

நகைச்சுவைத் துணுக்குகளில் நடிக்கப் புதிதாக வந்திருக்கும் பிள்ளைகளே, நான் எட்டாவது வரைதான் படித்தவள். நன்னிலம் பக்கம் ஒரு கிராமத்தில் குத்தகை நிலத்தில் சாகுபடி செய்தவர் மகள். கல்யாணமாகித் திருவாரூர் வந்தேன். என் வீட்டுக்காரர் கோயில் வாசலில் பூஜைச் சாமான் கடை வைத்திருந்தார். காலையில் தியாகேசரைக் கும்பிட்டு, பிள்ளைகளுக்குச் சோறு கட்டி, மாமியாரிடம் சொல்லிக்கொண்டு ரயிலேறி, சென்னையில் இன்னொரு மாமியாராக நடித்துவிட்டுத் திரும்புவேன். "எந்த மாமியார் மாதிரி நடிச்ச?" என்று என் மாமியார் கேட்பார். அந்தக் கேள்விக்கு மட்டும் நான் கடைசிவரை பதில் சொன்னதில்லை. இந்தத் தொழிலில் நான் பழகிய முதல் சாமர்த்தியம் அதுதான்.

முகத்தை எப்படி வைத்துக்கொள்வது, வசனத்தை எங்கே நிறுத்துவது என்பதையெல்லாம் உங்கள் இயக்குநர்கள் சொல்லித் தருவார்கள். யாரும் சொல்லித்தர முடியாத ஒன்று என் தலையில் ஒரு தை மாதத்தில் வந்து விழுந்தது. அதைத்தான் சொல்லப்போகிறேன்.

அதற்கு முன் ஒரு அம்மாவைப் பற்றிச் சொல்ல வேண்டும். மேடை நாடகத்திலிருந்து டிவிக்கு வந்தவர், எனக்கு மூத்தவர். பெயரைச் சொன்னால் அவருக்குப் பிடிக்காது. மேடையில் தாலி கட்டும் காட்சி வந்தால் மூன்றாவது முடிச்சைப் போட விடமாட்டார். "ரெண்டோட நிறுத்து. மூணாவது விழுந்தா அது நாடகமில்ல" என்பார். சாமி கும்பிடும் காட்சியிலும் அப்படித்தான். கை கூப்பலாம், கண் மூடலாம், உள்ளே மட்டும் கும்பிடக்கூடாது. "உள்ள கும்பிட்டா சாமி திரும்பிப் பாக்கும்டி. பாத்துட்டு, என்ன வேணும்னு கேக்கும். நீ என்னத்தச் சொல்லுவ, டேக் ஓகேயான்னா?" என்று சிரிப்பார்.

நானும் சிரித்தேன். ஆனால் எனக்கு அது கைவரவில்லை. கற்பூரத்தட்டைக் கண்டால் கை தானாகவே கன்னத்தில் போட்டுக்கொள்ளும். அட்டையில் செய்த பிள்ளையாராக இருந்தாலும் எனக்குப் பிள்ளையார் பிள்ளையார்தான்.

இப்போது அந்தத் தை மாதத்துக்கு வருகிறேன்.

பொங்கல் முடிந்து சம்பா அறுவடை தொடங்கும் சமயம். கூத்தாநல்லூருக்குத் தெற்கே ஒரு கிராமத்தில் படப்பிடிப்பு. துணுக்கு இதுதான்: அறுவடைக்கு ஆள் வராததால் ஒரு பெரிய மிராசுதாரின் மனைவி, "என்ன பெரிய வேலை, நானே அறுக்கிறேன்" என்று பட்டுப்புடவையோடு வயலில் இறங்குவாள். புருஷன் பின்னாலேயே குடை பிடித்துக்கொண்டு வருவான். நான் மனைவி. தாமோதரன் என்று ஒரு தம்பி, என் புருஷன். கவரிங் நகைகள் என் கழுத்தைக் கீழே இழுத்துக்கொண்டிருந்தன.

வயலைக் கொடுத்தவர் அந்த ஊர்ப் பெருநிலக்காரர், ராமலிங்கம் என்பவர். கரைவேட்டி கட்டியவர். ஆட்சி மாறும்போது வேட்டியின் கரையும் மாறும் என்று ஊரில் சொல்வார்கள். மரியாதையில் ஒரு குறையும் வைக்கவில்லை. "வாங்கம்மா, வாங்க. ஒங்க மாமியார் வேஷத்தப் பாத்துட்டு எங்க வீட்ல ஒரு வாரம் என்கூடப் பேசல" என்று வரவேற்று, இளநீர் வெட்டிக் கொடுத்தார்.

வாய்க்கால் கரை முழுக்கப் பெண்கள் நின்றுகொண்டிருந்தார்கள்.

"ஷூட்டிங் பாக்க வந்த கூட்டங்க. டிவின்னா உசுரு இதுகளுக்கு" என்றார் ராமலிங்கம்.

நான் அவர்களைப் பார்த்துக் கையாட்டினேன். ஒருவரும் திரும்பக் கையாட்டவில்லை. எல்லோர் இடுப்பிலும் கருக்கரிவாள் இருந்தது. ரசிகர்கள் அரிவாளோடு வந்து நான் பார்த்தது அன்றுதான்.

"அக்கா, நம்ம நிகழ்ச்சி அவ்வளவு மோசமாவா போயிட்டிருக்கு?" என்று தாமோதரன் காதில் கேட்டான்.

இயக்குநர் சென்னையிலேயே பிறந்து வளர்ந்த பையன். நெல்லும் கோரையும் அவருக்கு ஒன்றுதான். "அம்மா, நடந்து போங்க, அரிவாளால ஒரு பிடி அறுங்க, இடுப்பப் பிடிச்சுக்கிட்டுக் கத்துங்க. அவ்வளவுதான்" என்றார்.

நடந்து போனேன். காமிராவுக்கு வெளிச்சம் நன்றாக விழுகிற இடம் என்று அவர்கள் காட்டியது அந்த வயலின் வடகிழக்கு மூலை. எங்கள் பக்கம் சனிமூலை என்போம். எந்த விவசாய வேலையும் அங்கேதான் தொடங்கும். கதிர் முற்றிச் சாய்ந்து பொன் போலக் கிடந்தது. என் அப்பாவோடு வயலில் இறங்கிய நாட்கள்தான் மனசில் வந்தனவோ என்னவோ, காமிரா மறந்துவிட்டது. செருப்பைக் கழற்றினேன். கிழக்கே பார்த்து நின்றேன். குனிந்து மண்ணைத் தொட்டு நெற்றியில் வைத்தேன். அரிவாளைக் கண்ணில் ஒற்றிக்கொண்டு, 'பிள்ளையாரப்பா, இந்தக் களம் நெறையணும், இந்த ஊரு வயிறு நெறையணும்' என்று வாய்விட்டுச் சொல்லி ஒரு பிடியை அறுத்தேன்.

இடுப்பைப் பிடித்துக்கொண்டு கத்த மறந்துவிட்டேன்.

எனக்குப் பதில் வாய்க்கால் கரையில் கத்தினார்கள்.

"அய்யோ, வச்சுட்டாளே! அருவா வச்சுட்டாளே!"

கூட்டத்திலிருந்து ஒரு பெண் வரப்பில் ஓடி வந்தாள். நடுத்தர வயது, தோளில் சிவப்புத் துண்டு. அவள் பெயர் அஞ்சலை என்று பிறகு தெரிந்துகொண்டேன். என் கையிலிருந்த கதிரைப் பார்த்ததும் அப்படியே நின்றுவிட்டாள்.

ராமலிங்கம் கை தட்டினார். "ராசியான கை! நாள்கதிர் எடுத்தாச்சு. டேய், மில்லுக்குப் போயி லாரிய வரச்சொல்லு."

எதுவும் புரியாமல் நின்றோம். ராமலிங்கத்தின் காரியக்காரர் ஒருவர் இருந்தார். வயதானவர், அந்தப் பண்ணையின் கணக்கு வழக்கெல்லாம் பார்ப்பவர். அவர்தான் தாழ்ந்த குரலில் விஷயத்தைச் சொன்னார்.

அந்த வயல்களைத் தலைமுறையாக அறுப்பது அந்த ஊர்ப் பெண்கள். சங்கம், கூட்டம் என்று சேர்ந்துவிட்டார்கள் என்ற கோபத்தில், அந்த வருஷம் ராமலிங்கம் வறண்ட ஜில்லாவிலிருந்து லாரியில் ஆட்களைக் கொண்டுவந்து தன் அரிசி மில்லில் தங்க வைத்திருந்தார். ஊர்ப் பெண்கள் கரையில் காவல் நின்றார்கள். சண்டை முற்றி, தாசில்தார் வந்து பேசி முடிக்கிறவரை இரண்டு பக்கமும் அரிவாள் வைக்கக்கூடாது என்று போலீசார் ஒப்புக்கொள்ள வைத்திருந்தார்கள். தாசில்தார் அன்று மத்தியானம் வருவதாக இருந்தது.

நடுவில் நான் போய் வைத்துவிட்டேன்.

வயல் தெரியாத பிள்ளைகளுக்கு ஒன்று சொல்கிறேன். நாள்கதிர் என்பது நல்ல நாள் பார்த்து, சாமி கும்பிட்டு எடுக்கும் முதல் கதிர். அதை எடுத்த வயலை அறுக்காமல் அப்படியே போட்டுவிட்டுப் போவது ஆகாது. ராமலிங்கம் மட்டுமல்ல, கரையில் நின்ற பெண்களும் அப்படி நம்புகிறவர்கள்தான். அதனால்தான் அந்த அலறல்.

"ஐயா, இது நாயமா? பேச்சுன்னா பேச்சுதானே?" என்றாள் அஞ்சலை.

"நான் அருவா வச்சேனா? என் ஆளு வச்சானா? எங்கருந்தோ வந்த மகராசி, மகாலச்சுமி மாதிரி நகையும் பட்டுமா வந்து கும்பிட்டு எடுத்துச்சு. இனிமே வயலு நிக்கலாமா? நீயே சொல்லு."

அஞ்சலையின் அத்தை எடுத்து, அத்தைக்குப் பிறகு அவள் எடுத்து வந்த நாள்கதிர் அது. அந்த வருஷம் கவரிங் நகை போட்டவள் ஒருத்தி எடுத்துவிட்டாள். இந்த ஒரு வயலில் வெளியாட்கள் இறங்கிவிட்டால், பிறகு எந்த வயலிலும் அவர்களுக்கு இடமில்லை. தாசில்தார் வந்து என்ன பேசுவார்? அறுத்த வயலைப் பார்த்து, ஆகட்டும் என்று போய்விடுவார்.

இயக்குநர் என்னிடம் ஓடி வந்தார். முகம் வெளுத்திருந்தது. "அம்மா, சும்மா நடிப்புதான்னு சொல்லிட்டு வேன்ல ஏறுங்கம்மா. ப்ளீஸ். நமக்கு எதுக்கு இதெல்லாம்?"

அஞ்சலையும் அதையேதான் கேட்டாள், வேறு விதமாக. என் எதிரில் வந்து நின்று முகத்தைப் பார்த்தாள்.

"தாயி, நீ சொல்லு. நடிச்சியா, நெசமா கும்பிட்டியா?"

பிள்ளைகளே, நடிப்பு என்று சொன்னால் எல்லோருக்கும் வழி திறக்கும் என்று எனக்குத் தெரியும். கையில் இருப்பது கதிர் இல்லை, வெறும் வைக்கோல் என்று ஆகிவிடும். ஆனால் நெற்றியில் மண் ஒட்டியிருந்தது. பிள்ளையாரைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டிருந்தேன். கூப்பிட்டவரைப் பார்த்து, 'சும்மாதான் கூப்பிட்டேன், நீங்க போங்க' என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை. மூத்த நடிகை சொன்னது போலவே சாமி திரும்பிப் பார்த்துவிட்டது. என்ன வேணும் என்றும் கேட்டுவிட்டது.

"நெசமாத்தான் கும்பிட்டேன்" என்றேன்.

அஞ்சலை தலையைக் குனிந்துகொண்டாள். ராமலிங்கம் துண்டை உதறித் தோளில் போட்டார். "பாத்தியா? டிவில வர்ற அம்மா பொய் சொல்லாது." தூரத்தில் மில் பக்கம் லாரி கிளம்பும் சத்தம் கேட்டது.

சத்தியமாகச் சொல்கிறேன், 'நெசம்' என்று சொன்னபோது அடுத்து என்ன சொல்லப்போகிறேன் என்று எனக்குத் தெரியாது. லாரிச் சத்தம் கேட்ட பிறகுதான் வந்தது. என் அப்பா வயலில் நாள்கதிர் எடுக்கிறவள் கரையைப் பார்த்துக் குரல் கொடுப்பாள். அவள் கூப்பிட்ட பிறகுதான் மற்றவர்கள் இறங்குவார்கள்.

"அஞ்சல, எங்க ஊர்ல நாள்கதிர் எடுத்தவதான் ஆள எறக்கணும். அவ யாரக் கூப்புடுறாளோ அவங்கதான் எறங்கலாம். இங்க எப்படி?"

அஞ்சலை நிமிர்ந்து பார்த்தாள். முதலில் விளங்கவில்லை. பிறகு உதட்டோரம் மெல்ல அசைந்தது.

"இங்கயும் அதே மாரிதான், தாயி."

ராமலிங்கத்துக்குச் சட்டென்று விளங்கிவிட்டது. "அதெல்லாம் அந்தக் காலம்மா. இப்ப யாரு அதெல்லாம் பாக்குறா?"

"நாள்கதிரும் அந்தக் காலத்துதாங்கய்யா" என்றேன். "ஒண்ண வச்சுக்கிட்டு ஒண்ண விட்டா சாமி ஒத்துக்காதுங்களே."

கரையில் சிரிப்பு வெடித்தது. காரியக்காரர் வாயைத் துண்டால் பொத்திக்கொண்டு அந்தப் பக்கம் திரும்பினார். அவர் தோள் குலுங்கியது. என் தொழிலில் எத்தனையோ சிரிப்பு வாங்கியிருக்கிறேன். அன்று வந்த சிரிப்புக்குத்தான் ஒரு முழு வயலளவு கனம் இருந்தது.

சிரிப்பு அடங்குமுன் கூப்பிட்டுவிட வேண்டும் என்று தோன்றியது. துணுக்கில் இது எங்களுக்குப் பழக்கம்: சிரிப்பு ஓய்ந்த பிறகு பேசினால் ஆள் யோசிக்க ஆரம்பித்துவிடுவான். தொண்டை கிழியக் குரல் கொடுத்தேன்.

"அஞ்சல, எறங்கு! ஒன் செட்டக் கூப்பிட்டுக்கிட்டு எறங்கு!"

அஞ்சலை இறங்கினாள். கரை முழுவதும் அவளுக்குப் பின்னால் இறங்கியது.

ராமலிங்கம் கத்துவதற்கு வாயைத் திறந்தார். அப்போது அவர் கண் காமிராவின் மேல் விழுந்தது. இயக்குநர் பதற்றத்தில் 'கட்' சொல்ல மறந்திருந்தார். காமிராமேனோ, 'கட்' கேட்காமல் நிறுத்தாத மனிதர். காமிரா ஓடிக்கொண்டே இருந்தது. அதைப் பார்த்ததும் ராமலிங்கம் திறந்த வாயை அப்படியே சிரிப்பாக்கிக்கொண்டார். துண்டைச் சரிசெய்தார்.

"நம்ம ஊரு ஆளுங்கதான் எறங்கணும்னு நானும் சொல்ல வந்தேன். அதுக்குள்ள அம்மா முந்திக்கிட்டாங்க" என்றார், காமிராவைப் பார்த்து.

தாமோதரன் என்னிடம், "அக்கா, இவரு மட்டும் நம்ம செட்டுக்கு வந்தா எனக்கு வேலை போயிரும்" என்றான்.

லாரி வந்து நின்றது. உள்ளேயிருந்து இறங்கியவர்களைப் பார்த்ததும் என் சந்தோஷத்தில் பாதி போய்விட்டது. கையில் பொட்டலமும் இடுப்பில் குழந்தையுமாகப் பெண்கள். மழை பொய்த்த ஊரிலிருந்து ஒரு வாய்ச் சோற்றுக்கு வந்தவர்கள். யாருடைய சண்டைக்காகத் தங்களைக் கொண்டுவந்தார்கள் என்று கூட அவர்களுக்குத் தெரியாது. 'இந்த ஊரு வயிறு நெறையணும்' என்று கேட்டவள், எந்த ஊர் வயிறு என்று யோசிக்கவில்லையே. எங்கள் குழுவுக்குக் கூத்தாநல்லூரிலிருந்து அண்டாவில் பிரியாணி வந்திருந்தது. அதை அவர்களுக்குப் பரிமாறச் சொன்னேன். இயக்குநருக்கும் அன்று பசி இருந்திருக்காது.

நான் மெல்ல வரப்பேறப் பார்த்தேன்.

"எங்க போற?" என்றாள் அஞ்சலை குனிந்தபடியே. "கூப்புட்டவ கரையில நிக்கக்கூடாது. ஒன் பங்க அறுத்து முடி."

பட்டுப்புடவையை இழுத்துச் செருகிக்கொண்டு குனிந்தேன். அரிவாள் பிடித்து எத்தனையோ வருஷம் ஆகியிருந்தது. இரண்டு பக்கமும் பெண்கள் என்னைத் தாண்டிப் போய்க்கொண்டே இருந்தார்கள். போகிறபோது ஒவ்வொருத்தியும் ஒன்று சொல்லிவிட்டுப் போனாள். "மருமவள வெரட்டுற வேகம் இதுல காணுமே!" "யக்கா, கழுத்துல கெடக்குறத கழட்டி வச்சா கொஞ்சம் லேசாகும்." "விடுங்கடி, மாமியாரு இன்னைக்காச்சும் வேலை செய்யட்டும்!" என் இடுப்பு பிடித்துக்கொண்டது. நான் கத்தினேன். துணுக்குக்கு வேண்டிய கத்தல் அப்போதுதான் வந்தது. காமிராமேன் அதையும் எடுத்துக்கொண்டார்.

மத்தியானம் ஜீப்பில் தாசில்தார் வந்தபோது பாதி வயல் அறுப்பாகியிருந்தது. அவருக்குக் கோபம் வந்தது. "ரெண்டு பக்கமும் கையெழுத்துப் போட்டீங்களே! யார் ஆரம்பிச்சது?"

வயலில் இருந்த அத்தனை பேரும் என்னைக் காட்டினார்கள். ராமலிங்கமும் சேர்ந்துதான் காட்டினார்.

தாசில்தார் என்னை உற்றுப் பார்த்தார். முகமெல்லாம் வியர்வை, மை வழிந்திருந்தது, தலையில் வைக்கோல். "நீங்க… அந்தக் காப்பி குடுக்காத மாமியார்தானே?" என்றார்.

பேச்சுவார்த்தை பூவரச மர நிழலில் நடந்தது. ஊர்ப் பெண்கள் ஏற்கெனவே வயலில் நிற்கிறார்கள்; நிலக்காரரே காமிரா முன்னால் 'நம்ம ஆளுங்க' என்று சொல்லிவிட்டார். இனி மற்ற வயல்களிலும் முதலில் அஞ்சலையின் செட்டு இறங்குவது, அவர்களால் முடிக்க முடியாத தூரத்து வயல்களை லாரியில் வந்தவர்கள் அறுப்பது என்று முடிவானது. ராமலிங்கத்துக்கு மனசில்லை. ஆனால் இரண்டாவது முறை வாயைத் திறந்தபோதும் காமிராமேன் அங்கேதான் நின்றிருந்தார்.

துணுக்கு எங்களுக்குப் பாழ்தான். மிராசுதார் மனைவி தனியாக நின்று அறுக்க வேண்டிய வயலில் ஊரே நிற்கிறது. இயக்குநர் வேனில் ஏறித் தலையில் கை வைத்து உட்கார்ந்தார். "அம்மா, இனிமே சாமி கும்பிடுற சீன் ஒங்களுக்குக் குடுக்கவே மாட்டேன்" என்றார். அந்த வார்த்தையை அவர் காப்பாற்றவுமில்லை, நான் திருந்தவுமில்லை.

ஆனால் ஒரு பழக்கம் வந்துவிட்டது. எந்த ஊரில் காமிராவை இறக்கினாலும், வசனத்தாளைக் கையில் வாங்குமுன் அங்கே நிற்கிறவர்களிடம் போய், "எதுக்கு நிக்கிறீங்க?" என்று கேட்டுவிடுவேன். பெரும்பாலும் வேடிக்கை பார்க்கத்தான் நின்றார்கள். அப்படியிருந்தும் நான் கேட்காமல் விட்டதில்லை. நீங்களும் விடாதீர்கள்.

நாங்கள் கிளம்பும்போது அஞ்சலை வரப்பு வரை வந்தாள். நான் அறுத்துத் தனியாக எடுத்து வைத்திருந்த முதல் கதிரை என் கையிலிருந்து வாங்கிக்கொண்டாள். அவர்கள் தெருப் பிள்ளையாருக்கு அதை அவள்தான் சாத்த வேண்டும், வழக்கம் அப்படி. என்னை மேலும் கீழும் ஒருமுறை பார்த்தாள். சேறு, வைக்கோல், அறுந்து தொங்கிய கவரிங் சங்கிலி.

"அடுத்த வருசம் தையிலயும் ஷூட்டிங்கு உண்டா?" என்று கேட்டாள்.

"தெரியலையே. ஏன்?"

"வந்தா கரையில நின்னு நடிச்சுக்க, தாயி. வயலுக்குள்ள எறங்குறது எங்க வேலை."

கதிரைத் தலைக்கு மேல் தூக்கிப் பிடித்துக்கொண்டு, ஊர்ப் பக்கம் திரும்பி நடந்தாள். அறுத்த பெண்களெல்லாம் அவள் பின்னால் போனார்கள்.